பழைய ஈகிள் மென்பொருளை அவசரப்பட்டு அழிக்காதீர்கள்

ஆசிரியருக்கு வணக்கம்.

விண்டோஸ் 10-க்கான இலவச ஆதரவு 2025 அக்டோபர் 14-உடன் நின்றதிலிருந்து, பழைய கம்ப்யூட்டரைத் தூக்கிப் போடு என்ற பேச்சு எங்கள் கோத்தகிரி வரைக்கும் வந்துவிட்டது. போடுங்கள், வேண்டாம் என்று சொல்லவில்லை. அதற்கு முன்னால் உள்ளே என்ன இருக்கிறது என்று ஒரு தடவை பாருங்கள்.

தேயிலைத் தொழிற்சாலை ட்ரையர்களின் கன்ட்ரோல் போர்டு பழுது பார்ப்பது என் பிழைப்பு. அவற்றில் பல, சர்க்யூட் போர்டு வரைய உதவும் ஈகிள் (EAGLE) மென்பொருளின் பழைய பதிப்புகளில் வரைந்தவை. ட்ரையர் இன்னும் நன்றாகத்தான் ஓடுகிறது, மென்பொருளுக்குத்தான் ஆயுசு முடிகிறது. 2026 ஜூன் 7-உடன் ஈகிளை நிறுத்துவதாக அதன் உரிமையாளரான ஆட்டோடெஸ்க் நிறுவனம் 2023-லேயே அறிவித்தது.

அதே வேலையைச் செய்யும், இலவசமாகக் கிடைக்கும் கீகேட் (KiCad) மென்பொருளுக்கு மாறலாமே என்பார்கள். மாறலாம், நானும் புது வேலையெல்லாம் அதில்தான் செய்கிறேன். ஆனால் கீகேட் 9 வரையான பதிப்புகள் எடுத்துக்கொள்வது ஈகிள் 6 முதல் வந்த எக்ஸ்எம்எல் (எழுத்து வடிவில் சேமிக்கும்) ஃபைல்களை மட்டும்தான். ஈகிள் 5-லும் அதற்கு முன்பும் வரைந்த, வேறு வடிவில் இருக்கும் பைனரி ஃபைலை அவை திறக்காது. அந்த ஃபைலை முதலில் ஈகிள் 6-லோ 7-லோ திறந்து சேமித்து, அப்புறம்தான் கீகேட்டுக்குக் கொண்டுபோக வேண்டும். நடுவில் இருக்கும் அந்தப் பதிப்பை அழித்துவிட்டால் வழியே அடைபட்டுப் போகும். ஈகிள் 7 வரை ஒரே தடவை பணம் கட்டி வாங்கிய லைசென்ஸ், நெட் இல்லாமலே ஓடும். 2017-லிருந்து சந்தா முறை வந்துவிட்டது, லாகின் வேண்டும். ஆடி மழையில் நெட் எப்படி இருக்கும் என்று மலையில் இருப்பவர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை.

பழையதை நெட்டில் இணைக்காத ஒரு கம்ப்யூட்டரிலோ விர்ச்சுவல் மெஷினிலோ (கம்ப்யூட்டருக்குள்ளேயே மென்பொருளாக ஓடும் இன்னொரு கம்ப்யூட்டர்) வையுங்கள். இன்ஸ்டாலரையும் லைசென்ஸ் ஃபைலையும் இரண்டு டிரைவில் நகலெடுங்கள். சிடியை நம்ப வேண்டாம், இந்த ஈரத்தில் பூஞ்சை பிடித்துவிடும். கீகேட்டுக்குக் கொண்டுபோனதும் சரியாகிவிட்டது என்று விட்டுவிடாமல், டிராக் (போர்டில் ஓடும் செம்புக் கோடு), துளை அளவு எல்லாவற்றையும் பழைய படத்தோடு ஒப்பிடுங்கள்.

தொழிற்சாலைக்காரர்களிடம் ஒன்று கேட்கிறேன்: புது போர்டுக்குப் பணம் கொடுக்கும்போதே மூல ஃபைல், சர்க்யூட்டின் பிடிஎஃப், உதிரிபாகப் பட்டியல் மூன்றையும் வாங்கி வையுங்கள். போர்டு அடிப்பவருக்குக் கொடுக்கும் கெர்பர் ஃபைல் மட்டும் போதாது. அதை வைத்து அதே போர்டை மறுபடி அடிக்கலாம், சந்தையில் கிடைக்காத ஒரு ரிலேவுக்குப் பதில் வேறொன்றைப் போட வேண்டுமென்றால் ஒன்றும் செய்ய முடியாது.

இப்படிக்கு,
வாசகர் ஒருவர்,
கோத்தகிரி.