ரங்கூனும் ரெண்டாவது மாடியும்

அன்பு சேகரா,

உன் தீபாவளிக் கடிதத்துக்குப் பொங்கல் கழிந்து பதில் போடுகிறேன். திட்டிக்கொள். வீட்டில் எல்லோரும் சௌக்கியம். முட்டிவலி அப்படியேதான், சாக்கு என்கிறாள் கல்யாணி.

ஒரு வாரமாக ஒரே ஆள் மண்டையில் குடியிருக்கிறார். யூஜின் புல்லார்ட். 1895இல் அமெரிக்காவில், ஜார்ஜியா மாநிலத்துக் கொலம்பஸில் பிறந்த கறுப்பினப் பையன். சின்ன வயதிலேயே வீட்டை விட்டு ஓடி, 1912இல் திருட்டுத்தனமாகக் கப்பலேறி ஸ்காட்லாந்தில் போய் இறங்கிவிட்டான். நம் மணி திருச்சிக்கு ஓடி, மூன்றாம் நாள் சோற்றுக்குத் திரும்பினானே, அந்த ஓட்டம் இல்லை. குத்துச்சண்டை போட்டுப் பிழைத்துப் பாரிஸ் சேர்ந்தான். 1914இல் முதல் உலகப்போர் மூண்டதும் பிரெஞ்சு வெளிநாட்டவர் படையில் சேர்ந்தான். 1916இல் பிரான்ஸில் நடந்த வெர்டன் சண்டையில் தொடையில் காயம்; இனி காலாட்படைக்கு ஆகாது. சும்மா இருந்தாரா மனுஷர்? விமானியாகிக் காட்டுகிறேன் என்று 2,000 டாலர் பந்தயம்! 1917 மே மாதம் உரிமம் கையில். சட்டைக்குள் ஜிம்மி என்று ஒரு குரங்கை வைத்துக்கொண்டு சண்டைக்குப் பறந்தார். சத்தியமாக.

பிரான்ஸுக்காகப் பறந்துகொண்டிருந்த அமெரிக்கர்களை அமெரிக்கா தன் படைக்கு எடுத்துக்கொண்டது. இவரும் விண்ணப்பித்தார். இவரை மட்டும் எடுக்கவில்லை. தோல்தான் காரணம், வேறென்ன.

பிறகு பாரிஸில் மோன்மார்த் பகுதியில் இரவு விடுதி நடத்தியது, 1940இல் மறுபடி ஜெர்மானியரோடு மோதிக் காயம்பட்டு நியூயார்க் தப்பியது எல்லாம் நேரில் சொல்கிறேன். 1949இல் கறுப்பினப் பாடகர் பால் ராப்சன் கச்சேரிக்கு நியூயார்க் மாநிலத்துப் பீக்ஸ்கில் ஊருக்குப் போன இடத்தில் போலீஸே தடியால் அடித்துத் தரையில் சாய்த்தது. கடைசியில் நியூயார்க்கில் ராக்கஃபெல்லர் சென்டர் என்ற பெரிய கட்டடத்தில் லிஃப்ட் ஓட்டினார், சேகரா. 1959இல் பிரான்ஸ் செவாலியே விருது கொடுத்தது. அதே கட்டடத்தில் இருந்த டிவிக்காரர்கள் பேட்டிக்குக் கூப்பிட்டார்கள். போட்டிருந்த லிஃப்ட் யூனிஃபார்மோடு போய் உட்கார்ந்தார். தினம் அவர்களை ஏற்றி இறக்கிய ஆள்!

1961இல் போய்ச் சேர்ந்தார். அமெரிக்க விமானப்படை 1994இல் செகண்ட் லெப்டினன்ட் பதவி தந்தது. 1917இல் கேட்டதற்கு 1994இல் பதில். என் தாமதத்தைப் பற்றி இனி நீ வாய் திறக்கக் கூடாது.

சிரித்துக்கொண்டேதான் இதுவரை எழுதினேன். நம் பழைய ஆபீஸ் லிஃப்ட்காரர் ஞாபகம் இருக்கிறாரா? பித்தளைக் கைப்பிடியில் ஒரு கை, கட்டைவிரல் பாதி இருக்காது. "பர்மாவுல இருந்தப்போ சார்..." என்று தொடங்குவார். "ரெண்டாவது மாடிக்குள்ள ரங்கூனைப் பிடிச்சிருவீங்களா?" என்று நீ கேட்பாய், நான் விழுந்து விழுந்து சிரிப்பேன். அவரும் சிரித்துவிட்டுக் கதவைத் திறந்துவிடுவார். ஒன்பது வருஷம் அவரோடு ஏறி இறங்கியிருக்கிறோம். நேற்று ராத்திரி முழுக்க யோசித்தேன், அவர் பேர் வரவில்லை.

உனக்குத் தெரியுமா? இல்லையென்றால் சாமிநாதனைக் கேள், சம்பளப் பட்டியல் எழுதியவன் அவன்தான். அவன் போன் நம்பர் உன்னிடம் இருந்தால் எனக்கும் அனுப்பு.

உன்
ராமு