அம்மாவின் பெயரை எடுத்துக்கொண்டவருக்கு

அன்புள்ள இஷியுச்சி மியாகோ அவர்களுக்கு,

வணக்கம். நீங்கள் எடுத்த ஹிரோஷிமா புகைப்படங்களைக் கணினித் திரையில்தான் முதலில் பார்த்தேன். பூப்போட்ட ஒரு கவுன், வெளிச்சம் ஊடுருவ மிதந்துகொண்டிருந்தது. அழகாக இருக்கிறதே என்று நினைத்தேன். அணுகுண்டு விழுந்த நாளின் துணி என்று அப்புறம்தான் படித்தேன். அழகு என்று நினைத்ததற்கு வெட்கமாகிவிட்டது. அதை ஆசையாய் உடுத்திய ஒருத்தி இருந்தாள் என்பதைத்தான் நீங்கள் முதலில் காட்டுகிறீர்கள் என்பது மெல்லத்தான் புரிந்தது.

உங்களுக்கு முன் புகைப்படக்காரர் தோமொன் கென் அங்கே உயிர் தப்பியவர்களின் தழும்புகளை எடுத்தார். நாகசாகியில் இன்னொரு புகைப்படக்காரர் தோமாட்சு ஷோமெய், குண்டு விழுந்த 11:02க்கு நின்றுபோன கடிகாரத்தை எடுத்தார். 2007இல் ஹிரோஷிமாவில் நீங்கள் எடுக்கத் தொடங்கியது சட்டையும் பாவாடையும். ஊர்ப் பெயரைக்கூட ஜப்பானிய எழுத்து வகைகளில் ஒன்றான ஹிரகானாவில் எழுதினீர்கள், ஒருகாலத்தில் 'பெண் கை' என்று சொல்லப்பட்ட எழுத்தில்.

இதைப் பெண்ணின் மென்மை என்று யாராவது பாராட்டினால் எனக்கு எரிச்சல் வரும். உங்கள் பழைய யோகோசுகா படங்களைப் பார்த்தவர்கள் அப்படிச் சொல்லவே மாட்டார்கள். மணல் வாரி இறைத்தது போன்ற கறுப்பு. அமெரிக்கக் கடற்படைத் தளம் உள்ள அந்த ஊரை, தோமாட்சுவும் மொரியாமா என்ற புகைப்படக்காரரும் வந்து எடுத்துக்கொண்டு போனார்கள். நீங்கள் ஆறு வயதிலிருந்து அங்கே வளர்ந்தவர். அந்த ஊர்மேல் உங்களுக்கிருந்த வெறுப்பு படத்துச் சுவரிலேயே தெரிகிறது. அடுத்து, பழைய அடுக்குமாடி வீடுகளின் உரிந்த சுவர்கள். அதற்குத்தான் 1979இல் புகைப்படத்துக்கான கிமுரா இஹெய் விருது, பெண்களில் முதலாவதாக.

2001இல் அதே விருதை நாகாஷிமா யூரியே, ஹிரோமிக்ஸ், நினகாவா மிகா என்ற இளம் பெண்கள் மூவருக்கும் சேர்த்துப் பங்கிட்டுக் கொடுத்தார்கள். அவர்கள் எடுத்ததற்கு விமர்சகர்கள் வைத்த பெயர் 'சின்னப் பொண்ணுப் படங்கள்'! நாகாஷிமா பின்னாளில் அந்தப் பெயரை எதிர்த்து ஒரு புத்தகமே எழுதினார். நல்ல வேலை செய்தார்.

கல்லூரியில் நீங்கள் படித்தது நெசவு. சுவரானாலும் தோலானாலும் துணியைத் தடவிப் பார்ப்பவர் போலத்தான் பார்க்கிறீர்கள். 2000இல் அம்மா இறப்பதற்குக் கொஞ்சம் முன்பு, அவர் உடம்பிலிருந்த தீக்காயத் தழும்பை எடுத்தீர்கள். பிறகு அவருடைய உள்ளாடைகள், பல்செட், உதட்டுச் சாயம். 2005இல் வெனிஸ் கலைக் கண்காட்சி வரைக்கும் போயின அந்தப் படங்கள். இஷியுச்சி மியாகோ என்பதே திருமணத்துக்கு முன் அம்மாவுக்கு இருந்த பெயர் என்று தெரிந்ததும், மறுபடி முதலிலிருந்து பார்த்தேன்.

அந்த உதட்டுச் சாயப் படத்தில் நிறம் இருக்கிறது. பூசிப் பூசித் தேய்ந்த மீதிதான் அது. உங்கள் அம்மாவின் முகத்தை நான் அதில்தான் பார்த்தேன்.

அன்புடன்,
ஒரு வாசகி