சனிக்கிழமை திரையிடல்: ஆஸ்கர் மிஷோ பற்றிய ஆவணப்படம்

முன்னாள் மாணவ நண்பர்களுக்கு வணக்கம்.

ஜூன் 14, சனிக்கிழமை மாலை 6 மணிக்குக் கல்லூரித் திரையரங்கில் ‘மிட்நைட் ராம்பிள்’ (1994) ஆவணப்படம் பார்க்கிறோம். அமெரிக்கக் கறுப்பின இயக்குநர் ஆஸ்கர் மிஷோ 1919 முதல் 1948 வரை எடுத்த படங்களில் பெரும்பாலானவை அழிந்துவிட்டன. 1920-இல் வெளியான ‘விதின் அவர் கேட்ஸ்’ படத்தின் பிரதி ஸ்பெயினில்தான் கிடைத்தது! அந்தக் காலத்துக் கலைஞர்களைத் தேடிப் பேசவைத்த திரைப்பட வரலாற்று ஆய்வாளர் பேர்ல் பவுசரின் உழைப்பு இந்த ஆவணப்படத்தில் இருக்கிறது. ஆவணப்படம் எடுப்பவர்கள் தவறவிடக் கூடாது.

1. வருவோர் புதன் இரவுக்குள் இங்கே ‘வருகிறேன்’ என்று பதிலிடுங்கள். இருக்கைகள் குறைவு.
2. மாலை 5.45-க்குள் வந்துவிடுங்கள்.
3. படத்தொகுப்பு, ஆவணக் காப்பகப் பணியில் இருப்பவர்கள் உரையாடலில் அவசியம் பேச வேண்டும். எனக்குத் தனியாகத் தெரிவியுங்கள்.