குண்டுமழைக்கு நடுவே ஒரு பள்ளி நிறைவு விழா

ஆசிரியருக்கு வணக்கம்.

ஜப்பானியப் பெண்கள் பள்ளிகளைப் பற்றிச் சென்ற இதழில் வந்த கட்டுரையை விரும்பிப் படித்தேன். சீருடை, தோழமை, மார்ச் மாதத்து நிறைவு விழா எல்லாம் நன்றாக வந்திருந்தன. ஆனால் சிறுமிகள் பெரியவர்களாவதைப் பற்றி எழுதும்போது இரண்டாம் உலகப் போரில் அமெரிக்கப் படை ஒகினாவாவைத் தாக்கிய 1945-ஐத் தொடாமல் போனது எனக்கு வருத்தம்.

ஜப்பானின் தெற்குத் தீவான ஒகினாவாவில் ஆசிரியர் பயிற்சிப் பள்ளியின் மகளிர் பிரிவும் முதலாம் மகளிர் உயர்நிலைப் பள்ளியும் ஒரே வளாகத்தில் இருந்தன. ஹிமேயூரி என்று இன்று நினைக்கப்படுபவர்கள் இவர்கள்தான். அந்த ஆண்டு மார்ச் 23 இரவு 222 மாணவிகளையும் 18 ஆசிரியர்களையும் ஹாயெபாரு ராணுவ மருத்துவமனைக்கு அனுப்பினார்கள். மாணவிகளுக்கு வயது 15 முதல் 19. சீக்கிரம் வகுப்புக்குத் திரும்பிவிடலாம் என்று நம்பிப் பாடப் புத்தகங்களையும் கையோடு கொண்டுபோனார்கள். மருத்துவமனை என்று சொன்னார்களே தவிர, அது குன்றைக் குடைந்த குகைகள்தான்.

29-ஆம் தேதி இரவு அங்கேயே நிறைவு விழா நடந்தது. குண்டுச் சத்தம், மங்கிய வெளிச்சம். விழாவுக்கென்று ஒரு பிரிவுப் பாட்டைப் பழகி வைத்திருந்தார்கள். அதைப் பாட விடவில்லை காலம், போர்ப்பாட்டுதான் பாடினார்கள். எத்தனை முறை படித்தாலும் இந்த இடத்தில் நின்றுவிடுகிறேன்.

அப்புறம் தண்ணீர் சுமப்பது, காயம்பட்டவர்களைப் பார்த்துக்கொள்வது, வெட்டியெடுத்த கைகால்களை வெளியே கொண்டுபோய்ப் போடுவது. ஜூன் 18 அன்று, இனி அவரவர் பாடு என்று ராணுவம் அவர்களைக் கலைத்துவிட்டது. அதுவரை இறந்தவர்கள் 19 பேர். கடைசியில் 240 பேரில் 136 பேர் இல்லை. சரணடைவது அவமானம் என்று சொல்லிக்கொடுத்து வளர்த்துவிட்டு, பீரங்கிகளுக்கு முன்னால் போ என்று விட்டதை என்னால் மன்னிக்க முடியவில்லை.

தப்பியவர்கள் பலர், இறந்த தோழியின் பெற்றோர் முகத்தைப் பார்க்கக் கூசி, பல ஆண்டுகள் வாய் திறக்கவில்லை. பிறகு பழைய மாணவிகள் சேர்ந்து 1989-இல் ஓர் அருங்காட்சியகம் அமைத்தார்கள். அங்கே ஒவ்வொரு பெண்ணின் படத்தோடும் அவள் எப்படிப்பட்டவள், எப்படி இறந்தாள் என்ற குறிப்பு இருக்கிறது. தியாகிகள் என்ற ஒற்றைச் சொல்லுக்குள் அவர்களை அடைக்காமல் விட்டதற்காகவே அந்தத் தோழிகளை வணங்குகிறேன்.

ஜூன் 23 ஒகினாவாவின் நினைவு நாள். அதையொட்டி வரும் இதழில் இவர்களைப் பற்றி ஒரு முழுக் கட்டுரை வெளியிடுங்கள். பள்ளி மாணவிகளும் படிக்கும்படி எளிமையாக, படங்களோடு இருக்கட்டும்.

அன்புடன்,
ஒரு வாசகி, திருச்சி