கதிருக்கு, படம் பார்த்தபின்

அன்புள்ள கதிருக்கு,

அப்பா எழுதுவது. இங்கே எல்லோரும் நலம். நீ டிரெயினிங்குக்குப் போகும்போது பார்க்கச் சொன்ன 'எல்.ஏ. கான்ஃபிடென்ஷியல்' என்ற ஹாலிவுட் போலீஸ் படத்தை நேற்று ராத்திரி முழுசாகப் பார்த்தேன். அதில் வரும் போலீஸ்காரன் பட் ஒயிட் மாதிரி எஸ்.ஐ.யாக இருக்கணும் என்று போனில் சொன்னாயே, அதனால்தான் இந்தக் கடிதம்.

பெண்ணை அடைத்துவைத்த வீட்டுக்குள் அவன் முதல் ஆளாக நுழைகிறான். கையில் ஆயுதமே இல்லாமல் உட்கார்ந்திருப்பவனைச் சுடுகிறான். அப்புறம் ஒரு துப்பாக்கியைச் செத்தவன் கையில் திணித்து, தன் பக்கமாக ஒரு குண்டு சுட வைக்கிறான். உனக்கு அது வீரமாகத் தெரிந்திருக்கும். 22 வருடம் ஸ்டேஷன் ரைட்டராக இருந்த எனக்கு வேறொன்று தோன்றியது. அந்தத் துப்பாக்கி செத்தவனுடையது என்று யாரோ ஒருவன் உட்கார்ந்து எழுதியாக வேண்டுமே.

நானும் எழுதியிருக்கிறேன்டா. உன்னிடம் சொன்னதில்லை. தோப்பில் கத்தியைக் கைப்பற்றியதாக ஒரு மகஜர், அதாவது கைப்பற்றல் பதிவு. தோப்புப் பக்கம் யாரும் போகவே இல்லை. அதிகாரி சொல்லச் சொல்ல, டீ ஆறுவதற்குள் எழுதி முடித்தேன். அந்தப் பையன் 14 மாதம் உள்ளே இருந்தான். விடுதலையான அன்று கோர்ட் வாசலில் அவன் அம்மா என்னைப் பார்த்துக் கும்பிட்டாள். எழுதியது நான்தான் என்று அவளுக்குத் தெரியாது.

படத்தில் லாக்கப்பில் வைத்து அடிக்கிறார்களே, அது வெறும் கற்பனை இல்லை. 1951 கிறிஸ்துமஸ் அன்று லாஸ் ஏஞ்சல்ஸ் போலீஸார் 7 பேரை அப்படித்தான் உதைத்தார்கள். அதில் 5 பேர் மெக்சிகோ வம்சாவளி. கடைசியில் 8 போலீஸ்காரர்கள் மேல் வழக்குப் போட்டு, 5 பேருக்குத் தண்டனை கிடைத்தது. அதே சமயத்தில்தான் அந்த டிபார்ட்மென்ட்டின் ஒத்துழைப்போடு 'டிராக்நெட்' தொடர் டிவிக்கு வந்து, போலீஸின் பெருமையை வீட்டுக்கு வீடு பரப்பிக்கொண்டிருந்தது.

படத்திலும் அப்படி ஒரு தொடருக்கு ஆலோசனை சொல்பவன்தான் ஜாக் வின்சென்ஸ். நல்ல கோட்டு, நல்ல சிரிப்பு. பத்திரிகைக்காரனிடம் வாங்கிய 50 டாலர் நோட்டை மதுக்கடையில் வைத்துவிட்டு எழுந்து போகிறானே, அந்த இடத்தை மறுபடி ஓட்டிப் பார். ஒரு இளம் நடிகனை மாட்டிவிட வாங்கிய காசு அது. கண்ணாடியில் தன் முகத்தைப் பார்த்ததும் அவனால் அங்கே உட்கார முடியவில்லை. ஆனால் அவன் அந்தப் பையனைத் தேடிப் போவதற்குள் பையன் செத்துக் கிடக்கிறான். எனக்கு அந்தப் படத்தில் அவன்தான் ரொம்ப நெருக்கமானவன்.

முடிவில் கொலைகாரக் கேப்டனையே வீரமரணம் அடைந்தவனாக்கி மூடிவிடுகிறார்கள். அந்த ரிப்போர்ட்டையும் யாரோ ஒரு ரைட்டர்தான் எழுதியிருப்பார்.

நாளைக்கு உன் ஸ்டேஷனிலும் ஒருவர் பேனாவைத் திறந்து வைத்துக்கொண்டு, "என்ன எழுதட்டும் சார்?" என்று கேட்பார். என் வயசுக்காரராகக்கூட இருக்கலாம். நடந்ததை மட்டும் அவரிடம் சொல்லுப்பா.

பரேடுக்கு நானும் அம்மாவும் வருகிறோம்.

அப்பா