மதினியின் நகையைப் பற்றி

அன்பு மகளுக்கு,

அப்பா எழுதுவது. ஹைகோர்ட்டின் மதுரைக் கிளையிலிருந்து உத்தரவு நகல் வந்துவிட்டது. நான், அம்மா, நீ மூன்று பேர் மேலும் உன் மதினி போட்டிருந்த வரதட்சணைக் கொடுமை வழக்கு ரத்து. இனி நீ பயமில்லாமல் பண்ணைக்காட்டுக்கு வரலாம். அன்று ராத்திரிதான் அம்மா வயிறாரச் சாப்பிட்டாள்.

"ஜெயிச்சுட்டோம்பா, பொய்க் கேசு போட்டதுக்கு அவங்க மேல மானநஷ்ட வழக்கு போடணும், சொந்தக்காரங்க எல்லாருக்கும் உத்தரவை வாட்ஸ்அப்ல அனுப்பணும்" என்று போனில் சொன்னாய். அதற்குப் பதிலைத்தான் எழுதுகிறேன்.

வக்கீலை உட்கார வைத்து உத்தரவை வரி வரியாகக் கேட்டேன். உன் மதினி பொய் சொன்னாள் என்று அதில் எங்கேயும் இல்லை. 'புருஷன் வீட்டார் எல்லோரும் கொடுமை செய்தார்கள்' என்று புகாரில் பொத்தாம்பொதுவாக இருக்கிறது. யார், என்றைக்கு, என்ன செய்தார் என்பது இல்லை. நீயோ அவர்கள் கல்யாணத்துக்கு முன்பிருந்தே சிங்கப்பூரில் இருக்கிறாய். இப்படி மொத்தமாகச் சொன்னதை வைத்துக் குடும்பத்தையே கூண்டில் ஏற்ற முடியாது என்று சுப்ரீம் கோர்ட் 2022-லும் சொன்னது, 2024 டிசம்பரில் நீதிபதி நாகரத்னா அமர்வும் சொன்னது. ஆனால் அதே 2024 தீர்ப்பில், கொடுமைப்பட்ட பெண் புகார் கொடுக்காமல் வாயை மூடிக்கொண்டு இருக்க வேண்டும் என்று நாங்கள் சொல்லவில்லை என்றும் இருக்கிறது. வக்கீல் அந்த இடத்தை வேகமாகத் தாண்டினார். நான் திரும்ப வாசிக்கச் சொன்னேன்.

உன் அண்ணன் மேல் 498ஏ, அதாவது பெண்டாட்டியைக் கொடுமை செய்ததற்கான வழக்கு, அப்படியே நிற்கிறது. கார் வாங்க உங்க அப்பாவிடம் கேள் என்று அவன் அவளை நச்சரித்தது, காப்பி காயப்போட்டுக்கொண்டிருந்த என் காதில் விழுந்தது. கோர்ட்டில் கேட்டால் கேட்டதைச் சொல்வேன். அவனிடமும் சொல்லிவிட்டேன். அதிலிருந்து என்னோடு பேசுவதில்லை.

இப்போது நகை. வழக்கு ரத்தானதால் அவள் நகை நம்முடையது ஆகிவிடாது. பெண்ணுக்குப் போட்டது பெண்ணுக்கே சொந்தம் என்று 1985-லேயே சுப்ரீம் கோர்ட் தீர்த்துவிட்டது. வரதட்சணையாக வந்தது வேறு யார் கையில் இருந்தாலும் மூன்று மாதத்துக்குள் அவளிடம் சேர்க்க வேண்டும் என்று 1961-ஆம் வருஷ வரதட்சணைத் தடைச் சட்டம் 6-வது பிரிவில் சொல்கிறது. நம் பீரோவில் அது எத்தனை நாளாகக் கிடக்கிறது! அம்மாவும் நானும் பட்டியல் போட்டோம். உன் அண்ணன் அடகு வைத்திருந்த நாலு வளையலை மிளகுப் பணத்தில் மீட்டேன். பரணிலிருந்து பித்தளைச் சாமான்களையும் இறக்கினோம். அண்டா விளிம்பில் அவள் அப்பா அம்மா பேரும் கல்யாணத் தேதியும் வெட்டியிருக்கிறது. அதற்குள் நம் மிளகு கிடந்தது. அம்மா அதைக் கொட்டிவிட்டு, புளி போட்டுத் தேய்த்து, எழுத்து பளிச்சென்று தெரிகிற வரை விடவில்லை.

"கேசு முடியட்டும், பேரத்துக்குக் கையில் ஏதாவது பிடி வேண்டாமா" என்கிறார் வக்கீல். எனக்கு அந்தப் பிடி வேண்டாம். பட்டியலோடு கோர்ட்டிலேயே ஒப்படைக்க மனு எழுதச் சொல்லிவிட்டேன்.

நீ பட்டதும் பொய் இல்லை, தெரியும். பாட்டி சாவுக்குக்கூட வர முடியாமல் அங்கே தனியாக அழுதாய். செய்யாத ஒன்றுக்கு உன் பேரை இழுத்தது அநியாயம்தான். அதற்காக, அவள் கழுத்தில் நாத்தனார் முடிச்சு போட்ட நீயே அவளைப் பொய்க்காரி என்று ஊரெல்லாம் பரப்பாதே. உத்தரவை யாருக்கும் அனுப்ப வேண்டாம்.

பட்டியலில் ஒரு ஜோடி ஜிமிக்கி குறைகிறது. சிவப்புக் கல் வைத்தது, ஒரு திருகாணி மட்டும் மாற்றியது. கேசுக்கு முன்னால் வந்தபோது மதினியிடம் கேட்டு வாங்கிப் போட்டுக்கொண்டு போனாயே, அதுதான். பொங்கலுக்கு வரும்போது மறக்காமல் எடுத்து வா. லீவு கிடைக்காவிட்டால், வருகிற யாரிடமாவது கொடுத்துவிடு. தை மாதத்துக்குள் ஒப்படைத்துவிட வேண்டும்.

அன்புடன்,
அப்பா