மைல்ஸ் மாலெசன் வெறும் கோமாளி இல்லை

அன்புள்ள ஆசிரியருக்கு,

வணக்கம். பழைய பிரிட்டிஷ் திகில் படங்களைப் பற்றி சென்ற இதழில் வந்த கட்டுரையை ஆசையாகப் படித்தேன். கிறிஸ்டோபர் லீ, பீட்டர் குஷிங் பற்றியெல்லாம் பக்கம் பக்கமாக எழுதியவர், நடிகரும் நாடகாசிரியருமான மைல்ஸ் மாலெசனை மட்டும் 'கோமாளிக் கிழவர்' என்று ஒரே வரியில் முடித்துவிட்டார். எனக்கு மனசு கேட்கவில்லை.

அவர் செய்த வேடங்களைக் கொஞ்சம் வரிசையாக யோசித்துப் பாருங்கள். 1945இல் வந்த 'டெட் ஆஃப் நைட்' படத்தில் அமரர் ஊர்தியின் ஓட்டுநர், உள்ளே இன்னும் ஒருவருக்கு இடம் இருக்கிறது என்று மரியாதையாகக் கூப்பிடுவார், அப்புறம் அதே முகம் பேருந்து நடத்துனராக வந்து அதே வார்த்தையைச் சொல்லும்போது நமக்கு வயிற்றைக் கலக்கும். 1949இல் 'கைண்ட் ஹார்ட்ஸ் அண்ட் காரனெட்ஸ்' படத்தில் தூக்குப் போடுபவர். டியூக் பட்டம் பெற்ற ஒரு பெரிய பிரபுவைத் தூக்கிலிடப் போகிறோம் என்ற பூரிப்பில், அவரை எப்படி விளிக்க வேண்டும் என்று ஒத்திகை பார்ப்பார், இதற்கென்று தானே எழுதிய கவிதையை வேறு வாசித்துக் காட்டுவார். 1958இல் 'டிராகுலா'வில் ஈமச் சடங்குகளை நடத்திக் கொடுப்பவர், தொழில் கதையைச் சிரித்துக்கொண்டே சொல்வார். சாவை அன்றாட உத்தியோகமாகச் செய்கிற நல்ல மனிதர்கள் இவர்கள் எல்லாரும். இதைக் கோமாளித்தனம் என்று எப்படிச் சொல்ல முடியும்?

இந்த மனிதர் சாவைப் பற்றி எழுதியவரும்கூட. 1888இல் லண்டனை ஒட்டிய குரோய்டனில் பிறந்து கேம்பிரிட்ஜில் படித்தவர், 1914இல் முதல் உலகப் போர் தொடங்கியதுமே ராணுவத்தில் சேர்ந்து மால்டா போனார், உடல்நலம் கெட்டுத் திரும்பி அடுத்த ஆண்டே விடுவிக்கப்பட்டார். திரும்பி வந்தவர் போரை எதிர்க்க ஆரம்பித்துவிட்டார். 'பிளாக் எல்' என்று ஒரு சிறு நாடகம். எதிரிகளைக் கொன்று விருது வாங்கிய ராணுவ அதிகாரி ஊர் திரும்புகிறான், வீடே பெருமைப்படுகிறது, அவனோ இனி போகவே மாட்டேன் என்கிறான். 1916இல் போர் உச்சத்தில் இருந்தபோது இது அச்சானது, பிரதிகளைப் போலீஸ் பறிமுதல் செய்தது. அந்த நேரத்தில் அப்படி எழுத எவ்வளவு துணிச்சல் வேண்டும்! பிறகு, தொழிற்சங்கம் வைத்ததற்காக 1834இல் ஆஸ்திரேலியாவுக்கு நாடு கடத்தப்பட்ட இங்கிலாந்தின் டோல்படில் கிராமத்து விவசாயக் கூலிகளைப் பற்றியும் இன்னொருவரோடு சேர்ந்து நாடகம் எழுதினார். பிரெஞ்சு நாடகாசிரியர் மோலியரின் நாடகங்களை ஆங்கில மேடைக்குக் கொண்டுவந்தார். தூக்குப் போடுபவரை அவர் நடிக்கும்போது எனக்குச் சிரிப்போடு ஒரு நடுக்கமும் வருவதற்கு இந்தப் பின்னணிதான் காரணம் என்று நினைக்கிறேன்.

'தி தீஃப் ஆஃப் பாக்தாத்' படத்தை உங்கள் வாசகர்கள் பலர் பார்த்திருப்பார்கள், மைசூர்ப் பக்கத்துச் சாபு நடித்த 1940ஆம் ஆண்டுப் படம். அதில் பொம்மைப் பைத்தியம் பிடித்த சுல்தானாக வருபவர் இவரே. பறக்கும் இயந்திரக் குதிரைக்கு ஆசைப்பட்டு மகளையே கொடுக்கச் சம்மதிப்பார், கடைசியில் பல கைகள் கொண்ட ஒரு பொம்மையின் அணைப்பில் கத்திக்குத்து வாங்கிச் சாவார். அந்தப் படத்துக்குத் திரைக்கதையும் வசனமும் யார்? இவரேதான்! தன் சாவைத் தானே எழுதி நடித்திருக்கிறார். இதைக்கூட உங்கள் கட்டுரையாளர் குறிப்பிடவில்லை.

1969இல் அவர் இறந்தார். 1933இல் அச்சான 'யுவர்ஸ் அன்ஃபெய்த்ஃபுலி' என்ற அவருடைய நாடகம் அவர் உயிரோடு இருந்தவரை மேடையே ஏறவில்லை. நியூயார்க்கின் மின்ட் தியேட்டர்தான் 2016 கடைசியில் அதை முதல்முறையாக மேடையேற்றியது.

சரி, ஒரே ஒரு வேண்டுகோள். அவரைப் பற்றித் தனிக் கட்டுரை ஒன்று போடுங்கள், அதில் நாடகாசிரியர் என்பதை முதலிலும் நடிகர் என்பதை அடுத்தும் எழுதச் சொல்லுங்கள்.

இப்படிக்கு,
உங்கள் நெடுநாள் வாசகர்